பஸ்றாவில் மண்மேடு கட்டியவர்

வெளிநாட்டால் வருகிறவர்கள் அந்தக் காலத்தில் கல்முனைக்கு வான் வண்டியில்தான் வருவார்கள். வண்டியின் தலையில் கயிறு போட்டு இறுக்கிய பெட்டிகள் இருக்கும். கூட்டிவரப் போன மச்சினன்மார் முன் ஆசனத்தில் இருப்பார்கள். மீராசாஹிபு 1986 நவம்பர் மாத மழைக்குள் கொழும்பு பஸ்ஸிலிருந்து சந்தையடியில் இறங்கினார். கையில் ஒரு பை மட்டுமே இருந்தது. கதவுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு வலது காலை முதலில் ஊன்றி, இடது காலைப் பிறகு இழுத்து இறக்கினார். சந்தைக்குள் இருந்த சிலர் அவரைக் கண்டுகொண்டும் சலாம் சொல்லத் தயங்கினார்கள். ஒன்பது மாதமாக அவரிடமிருந்து கடிதம் வரவில்லை என்பது ஊரறிந்த விசயம்.

கல்முனைக்குடியில் கடலை நோக்கி இறங்கும் மணல் ஒழுங்கை ஒன்றில் அவருடைய வீடு. கதவைத் திறந்த மனைவி முனவ்வறா அழவில்லை. காலைப் பார்த்தாள், பையைப் பார்த்தாள்.

“மௌத்தாகிட்டீங்க எண்டு யாசீன் ஓதுறதா, இல்ல அங்க வேற குடும்பம் வச்சிட்டீங்க எண்டு விட்டுடுறதா எண்டு தெரியாம இரிந்தன்,” என்றாள்.

“வேலையில ஒரு விபத்து, புள்ள. ஆசுபத்திரியில கிடந்த.”

“ஒம்பது மாசமுமா?”

 அவர், மகள் நஸீறா எங்கே என்று கேட்டுக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

மீராசாஹிபு மண் தள்ளும் டோசர் ஓட்டுகிறவர். இளம் வயதில் அம்பாறைப் பக்கம் வாய்க்கால் வெட்டும் வேலைக்குப் போய் அங்கேதான் பழகினார். அதே வேலைத்தளத்தில் இயந்திரம் திருத்துகிறவராக இருந்தவர் பெனடிக், கல்முனையில் கத்தோலிக்கத் தமிழ்க் குடும்பத்தைச் சேர்ந்தவர். இரண்டு பேரும் ஒரே அறையில் ஏழெட்டு வருடம் இருந்தார்கள். 1980ஆம் ஆண்டு நடுப்பகுதியில் ஒரு ஏஜென்சிக்காரர் மூலமாக மீராசாஹிபு ஈராக்குக்குப் போனார். பஸ்றாவுக்குக் கீழே ஆற்றோரமாக வீதி போடும் வெளிநாட்டுக் கம்பனி ஒன்றில் வேலை. நஸீறாவைக் கட்டிக் கொடுக்கும்போது அவளுக்கு ஒரு வீடு கொடுக்க வேண்டும். இந்த ஊரில் பெண்ணைப் பெற்றவர்கள் வெளிநாடு போவதற்கு வேறு காரணம் தேவையில்லை.

அவர் போய் மூன்று மாதத்தில் ஈராக்குக்கும் ஈரானுக்கும் சண்டை தொடங்கியது. ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஈரானியரின் துறைமுகப் பட்டணம் ஒன்று இருந்தது. ஈரானியர் அதைக் குர்ரம்ஷஹர் என்றார்கள், அரபிகள் முஹம்மரா என்றார்கள். கம்பனிக் கூடாரங்களிலிருந்து பார்த்தால் அதன் புகை தெரியும். ஒரு மாதத்துக்கு மேல் தெருத் தெருவாகச் சண்டை பிடித்து ஈராக்கியர் அதைப் பிடித்தார்கள். ஒன்றரை வருடம் கழித்து 1982 மே மாதத்தில் ஈரானியர் அதைத் திருப்பி எடுத்தார்கள். அதுவரை வானொலியில் வெற்றிப் பாட்டுக் கேட்டுக்கொண்டிருந்த கம்பனிக் காவலாளிகள் அன்றைக்குப் பெட்டியை மூடிவைத்தார்கள். ஜூலையில் நோன்பு மாதம். ஈரானியர் எல்லை தாண்டிப் பஸ்றாவை நோக்கியே வந்தார்கள். அந்தச் சண்டைக்குள்தான் கம்பனியின் இயந்திரங்களைப் படையினர் எடுத்துக்கொண்டார்கள். ஓட்டுகிறவர்களும் இயந்திரத்தோடு போனார்கள்.

வீதி போட வந்தவர் அதன் பிறகு மண்மேடு கட்டினார். பாலைவனத்தின் குறுக்கே கண்ணுக்கெட்டிய தூரம் நீளும் மேடுகள். அவற்றின் பின்னால் யுத்தத் தாங்கிகள் குழல் மட்டும் தெரிய நிற்கும். 1984இல் ஒரு மாத லீவில் வந்தபோது முனவ்வறா கேட்டாள், “சண்ட கிட்டயா நடக்குற?” “அது எங்கயோ தூரத்தில,” என்றார் அவர்.

இப்போது அவருடைய இடது தொடையில் உள்ளங்கை அகலத்துக்குத் தழும்பு இருந்தது. அதைச் சுற்றிச் சின்னச் சின்னக் கறுப்புப் புள்ளிகள். வேலைத்தள விபத்தில் காயப்பட்டவருக்கு இப்படிப் புள்ளிகள் வருமா என்று முனவ்வறா யோசித்தாள். வேறு விசயங்களும் இருந்தன. வாசலில் அறிமுகமில்லாத, சேர்ட்டைக் காற்சட்டைக்கு உள்ளே விட்ட ஆள் யாராவது வந்தால் அவர் பின்வளவுக்குப் போய்விடுவார். கதவுக்கு முதுகு காட்டி உட்காரமாட்டார். ஒரு நாள் பகல் சாப்பாட்டுக்குப் பிறகு பாயில் கண்ணயர்ந்தவர் அரபியில் எதையோ முணுமுணுத்தார். அவள் குனிந்து காதைக் கொடுத்தாள். “மா அத்ரி... வல்லாஹி, மா அத்ரி” என்று திரும்பத் திரும்பச் சொன்னார். குர்ஆன் ஓதத் தெரிந்தவளுக்கும் பேச்சு அரபி விளங்கவில்லை. ‘அத்ரி’ என்பது மட்டும் மனதில் நின்றது.

அடுத்த நாள் அவள் தன் மூத்த சகோதரன் றஸாக்கிடம் போனாள். சந்தைக்குப் பக்கத்தில் தேத்தண்ணிக் கடை வைத்திருந்தவர் அவர்.

“காக்கா, அத்ரி எண்டு ஒருத்தி இரிக்கா போல. நித்திரையில அவட பேரச் சொல்லித்தான் சத்தியம் பண்ணுறார்.”

“நான் நெனச்சது சரிதான்,” என்றார் றஸாக். என்ன நினைத்தார் என்று அவர் சொல்லவில்லை.

ஊரும் தன்பாட்டில் நினைத்தது. மீராசாஹிபு ஈராக் படையில் சேர்ந்து சண்டை பிடித்தார் என்றார்கள் சிலர். ஈரானியரிடம் கைதியாக இருந்து ஷியாவாக மாறிவிட்டார் என்றார்கள் வேறு சிலர். பள்ளியில் அவர் பின்வரிசையில் கதிரையில் இருந்து தொழுவார். கையை நெஞ்சில் கட்டுகிறாரா, ஷியாக்களைப்போல் தொங்கவிடுகிறாரா என்று பார்ப்பதற்கென்றே அவர் பக்கத்தில் இடம் பிடித்தவர்கள் இருந்தார்கள். கட்டித்தான் தொழுதார். ஆட்களுக்குத் தெரியவேண்டும் என்றுதான் கட்டுகிறார் என்று அதற்கும் ஒரு கதை வந்தது.

பெனடிக்கின் வீட்டுக்கு அவர் போய்வருவதும் கண்ணில் குத்தியது. எண்பத்தைந்தாம் ஆண்டுக் கலவரத்துக்குப் பிறகு தமிழரும் முஸ்லிம்களும் ஒருவர் தெருவுக்குள் ஒருவர் போவது குறைந்திருந்தது. போகிறவரை இரண்டு பக்கத்தாரும் எண்ணி வைத்துக்கொண்டார்கள்.

றஸாக்கின் கடையில் பாதிப் பேர் ஈரான் பக்கம், பாதிப் பேர் ஈராக் பக்கம். இரண்டும் முஸ்லிம் நாடு, யாருக்குத் துஆ கேட்பது என்று தலையில் கைவைத்துக்கொண்டவர்களும் உண்டு. மீராசாஹிபு மூலை வாங்குப் பலகையில் இருந்து பேசாமல் தேத்தண்ணி குடித்துவிட்டுப் போவார். 1987 ஜனவரியில் ஈரானியர் மறுபடியும் பஸ்றாவை நோக்கிப் பெரும் படையெடுப்பு நடத்தினார்கள். லண்டன் வானொலிச் செய்தியில் அதைச் சொன்ன மாலை கடை நிறைந்திருந்தது. பஸ்றாவுக்குக் கிழக்கே நீர்ப்பரப்பைத் தாண்டிவிட்டார்களாம் என்று யாரோ சொன்னார்.

“மீன் ஏரிப் பக்கத்தாலயா?” என்று கேட்டுவிட்டார் மீராசாஹிபு.

கடை முழுவதும் திரும்பிப் பார்த்தது. றஸாக் கிளாசைக் கழுவுவதை நிறுத்தினார்.

“மச்சான், அங்க மீன் ஏரி இரிக்கிற உங்களுக்கு எப்பிடித் தெரியும்? நீங்க றோட்டுப் போட்ட ஆள்தானே?”

“ஆக்கள் கதைச்ச. கேட்ட,” என்று சொல்லிவிட்டு, பாதித் தேத்தண்ணியை வைத்துவிட்டு அவர் எழுந்து போனார்.

அதற்கடுத்த வாரம் பாண்டிருப்புப் பக்கமிருந்து அவர் வரும்போது வீதித் தடையில் படையினர் பஸ்ஸை மறித்தார்கள். எல்லோரையும் இறக்கினார்கள். மற்றவர்களின் அடையாள அட்டையைப் பார்த்து ஏற்றிவிட்டார்கள். மீராசாஹிபை மட்டும் சாரத்தைத் தூக்கிக் காட்டச் சொன்னார்கள். தழும்பு இருப்பது முன்கூட்டியே தெரிந்தவர்கள்போல் நேராகத் தொடையைக் காட்டச் சொன்னதை அவர் கவனித்தார். ஜீப்பில் ஏற்றி முகாமுக்குக் கொண்டுபோனார்கள்.

முனவ்வறாவுக்குச் செய்தி வந்ததும் அவள் றஸாக்கின் கடைக்கு ஓடினாள்.

“நான் வந்தா என்னையும் புடிச்சி வைப்பாங்க,” என்றார் அவர். “அவர் அங்க என்ன செஞ்சார் எண்டு உனக்குத் தெரியுமா? எனக்குத் தெரியுமா? தெரியாம எப்பிடிப் பொறுப்பு நிக்கிற?”

அவள் அங்கே நின்று மன்றாடவில்லை. முக்காட்டை இழுத்துப் போட்டுக்கொண்டு நேராகப் பெனடிக்கின் வீட்டுக்குப் போனாள். கல்யாணமாகி இத்தனை வருடத்தில் அந்த வாசல் படலையை அவள் தாண்டியது அதுதான் முதல் தடவை. பெனடிக்கின் மனைவி றஞ்சிதமலர் கதவில் கைவைத்துக்கொண்டு தடுத்தாள். “தமிழ் ஆள் போய் நிண்டா மனுசனையும் உள்ளுக்க போட்டிருவாங்கள், ராத்தா,” என்றாள். அவள் சொன்னது பொய்யில்லை. பெனடிக் அதைக் கேட்டுக்கொண்டே சப்பாத்தைப் போட்டார்.

முகாமில் அதிகாரி ஒருவர் மேசைக்குப் பின்னால் இருந்தார், எதிரே மீராசாஹிபு நின்றார். மீராசாஹிபின் கடவுச்சீட்டு மேசையில் திறந்து கிடந்தது. பெனடிக்குக்கு நல்ல சிங்களம் தெரியும் என்றதும், தங்களுடைய மொழிபெயர்ப்பாளர் வெளியே போயிருப்பதால் அவரையே கதைக்கச் சொன்னார்கள். முனவ்வறாவைச் சுவரோரமாக நிற்க விட்டார்கள்.

“விபத்து எண்டு நீ சொன்னியாம். முகாம் டொக்டர் பாத்திட்டு அது ஷெல் துண்டு எண்டு சொல்றாராம்,” என்றார் பெனடிக். “லெபனானில எந்த முகாமில இயக்கப் பயிற்சி எடுத்த எண்டு கேக்கிறார். மச்சான், இனி ஒளிக்காத. உள்ளதச் சொல்லு.”

மீராசாஹிபு முனவ்வறாவைப் பார்த்தார். பிறகு தரையைப் பார்த்துச் சொல்லத் தொடங்கினார். அவர் ஒரு துண்டு சொல்ல, பெனடிக் அதைச் சிங்களத்தில் சொல்ல, அதிகாரி எழுதினார். தன் புருசனின் ஒன்பது மாதத்தை முனவ்வறா அப்படித்தான், நிறுத்தி நிறுத்தி, கேட்டாள்.

1986 பெப்ரவரியில் ஃபாவ் என்ற இடத்துக்கு மேலே, உப்பளங்களுக்குப் பக்கத்தில் மண்மேடு கட்டும் வேலை நடந்தது. அவரும் ஹஸன் என்ற எகிப்தியரும் ஒரே டோசரை மாறி மாறி ஓட்டினார்கள். அடைமழை. மேட்டுக்குப் பின்னால் தண்ணீர் தேங்கி ஈராக்கியரின் கூடாரங்களுக்குள் ஏறியது. கப்டன் வந்து, தண்ணீரை வெளியே விடு என்றார். வயலில் வரம்பை வெட்டி வக்கடை வைப்பதுபோல மேட்டில் ஓரிடத்தில் வெட்டி வழி விட்டார் மீராசாஹிபு. மழை விட்டதும் மூடிவிடலாம் என்றிருந்தார்கள். மழை விடவில்லை. அந்த இருட்டுக்குள் ஈரானியர் ஆற்றைக் கடந்து வந்து ஃபாவைப் பிடித்துவிட்டார்கள்.

“நான் சண்டையக் காணல்ல,” என்றார். “விடியக்க பாத்தா ஈராக் ஆக்கள் எல்லாரும் செருப்பும் இல்லாம எங்களத் தாண்டி ஓடுறாங்க. மெசினத் திருப்பப் பாத்தன். சேத்துக்குள்ள புதைஞ்சிட்டு. ஷெல் வந்து விழுந்தது மட்டும் தெரியும்.”

பஸ்றா ஆசுபத்திரியில் காயம் ஆறுவதற்கு முன்பே இரண்டு பேர் வந்தார்கள். சீருடை இல்லை. உள்ளே விட்ட சேர்ட், துடைத்த சப்பாத்து. அந்த வெட்டு வழியாகத்தான் எதிரி வந்தான், யாருக்காக அதைத் திறந்து வைத்தாய் என்று கேட்டார்கள். கப்டன்தான் சொன்னார் என்று சொன்னால், கப்டன் செத்துவிட்டார். கட்டிலிலிருந்து ஒரு மூடிய கட்டடத்துக்கு மாற்றினார்கள். அங்கே தினமும் அதே கேள்வி.

“நான் சொன்ன ஒரே பதில்தான். மா அத்ரி. எனக்குத் தெரியாது. அல்லாமேல சத்தியமா எனக்குத் தெரியாது எண்டு. அதால ஆராச்சும் வந்தாங்களா இல்லயா எண்டு இண்டைக்கும் எனக்குத் தெரியாது.”

முனவ்வறா முக்காட்டின் நுனியை வாயில் வைத்துக் கடித்தாள். அத்ரி ஒரு பெண்ணில்லை.

அதிகாரி பேனாவை வைத்தார். ஒரு கேள்வி கேட்டார். பெனடிக் அதை அதிகாரியிடம் திருப்பிக் கேட்டார்.

“என்னவாம்?” என்றார் மீராசாஹிபு.

“அப்ப உன்ன ஏன் விட்டாங்கள் எண்டு கேக்கிறார்.”

மீராசாஹிபு தலையைத் தூக்கவில்லை. “கம்பனி கதைச்சிருக்கும்,” என்றார்.

அந்தப் பதிலை அதிகாரி நம்பினாரோ இல்லையோ, பிடித்துவைப்பதற்கு வேறு ஒன்றும் கிடைக்கவில்லை. பெனடிக் பொறுப்பாகக் கையெழுத்துப் போட்டார். வாரத்துக்கு ஒரு தடவை முகாமில் வந்து முகம் காட்ட வேண்டும் என்று சொல்லி விட்டார்கள்.

 முனவ்வறா வீட்டுக்கு வந்து, கதவைச் சாத்தி, தண்ணீர் கொடுத்துவிட்டுக் கேட்டாள்.

“ஆமிக்காரனுக்குச் சொல்ல ஏலுமெண்டா எனக்குச் சொல்ல ஏலாதா?”

“விடக்குள்ள சொன்னாங்க, வாயத் தொறந்தா எங்க இரிந்தாலும் வருவம் எண்டு. இங்க வந்தாப் பொறகும் வாய் வரல்ல, புள்ள.”

“ஏன் விட்டாங்க?”

“சொன்னன்தானே.”

“கம்பனி கதைக்கிறதெண்டா முதல் மாசமே கதைச்சிரிக்கும். வேற ஆரும்ட பேரச் சொன்னீங்களா?”

வெளியே கடல் இரைவது கேட்டது. அவர் கோப்பையைக் கையில் வைத்து உருட்டிக்கொண்டிருந்தார்.

“உன்னோட மெசின்ல ஆரு இரிந்த எண்டு கேட்டாங்க. ஹஸன் எண்டு சொன்னன். அதில என்ன பொய்? அவனும்தானே இரிந்தான்.”

“அதுக்குப் பொறகு?”

“அதுக்குப் பொறகு ஒண்டும் கேக்காத,” என்றார்.

அவள் கேட்கவில்லை. ஆனால் அன்றிலிருந்து அவளுக்குள் வேறு ஒரு முள் இருந்தது. மறுபெண்டாட்டி இருந்திருந்தால் சண்டை பிடித்துத் தீர்த்திருப்பாள். இதற்கு யாரோடு சண்டை பிடிப்பது?

ஒரு வாரம் முகம் காட்டப் போனபோது, முகாமைச் சுற்றி மண் அணை போட வேண்டும், டோசர் ஓட்டத் தெரிந்த ஆள் நீதானே என்றார்கள். கால் மிதிக்காது என்று மீராசாஹிபு சொன்னார். சொன்ன நாளிலிருந்து அவர் கூடுதலாக நொண்டினார். வீட்டு வளவுக்குள் ஆளில்லாதபோது அவர் அவ்வளவு நொண்டவில்லை என்பதை முனவ்வறா சமையலறை யன்னலால் கண்டாள். அது நல்லதுக்குத்தான் என்று அவளுக்குத் தெரியும். ஆனாலும் இவருடைய எது நடிப்பு, எது உண்மை என்று பார்த்துக்கொண்டே இருக்கும் பழக்கம் அவளை விடவில்லை.

அவருக்கும் ஒரு முள் இருந்தது. தழும்பு தொடையில் இருப்பதை முகாமுக்குச் சொன்னது யார்? பெனடிக்குக்குக்கூட அவர் அதைக் காட்டியதில்லை. முனவ்வறாவுக்குத் தெரியும். முனவ்வறா றஸாக்கிடம் சொல்லியிருக்கலாம்.

“காக்காக்கிட்ட சொன்னயா?” என்று ஒரு நாள் கேட்டார்.

“சொன்னன். காலில காயம் எண்டு சொன்னன். அதுக்காக என்ட காக்கா காட்டிக் கொடுத்த எண்டு சொல்லப் போறீங்களா?”

“நான் அப்பிடிச் சொல்லல்ல.”

சொல்லவில்லை. ஆனால் அதற்குப் பிறகு அவர் றஸாக்கின் கடைப் பக்கம் போகவில்லை. பெருநாளுக்கு றஸாக் வீட்டுக்கு வந்தால் சலாம் சொல்லிக் கை கொடுப்பார், உட்காரமாட்டார். றஸாக்கும் ஏன் என்று கேட்கவில்லை. கேட்காததே மீராசாஹிபுக்குச் சாட்சியாகப் பட்டது.

அந்த வருட நடுப்பகுதியில் இந்திய இராணுவம் வந்தது. முகம் காட்டுவது நின்றது. மீராசாஹிபு சொறிக்கல்முனைப் பக்கம் குத்தகைக்கு வயல் எடுத்துச் செய்யத் தொடங்கினார். 1988 ஏப்ரலில் ஈராக்கியர் ஃபாவைத் திருப்பிப் பிடித்தார்கள். ஆகஸ்டில் சண்டை ஓய்ந்தது. எட்டு வருடம் சண்டை பிடித்து இரண்டு பக்கமும் தொடங்கிய கோட்டிலேயே வந்து நிற்கிறார்கள் என்று சந்தையில் பேசிக்கொண்டார்கள். பெனடிக் சைக்கிளில் வயலுக்கே போய்ச் சொன்னார். “அப்பிடியா?” என்றார் மீராசாஹிபு. சேற்றில் குனிந்து வரம்பில் ஒரு மண்வெட்டி மண் போட்டார். பிறகு, “அவங்களுக்குத்தான் முடிஞ்ச,” என்றார்.

1989 தொடக்கத்தில் ஒரு நாள் காலை றஸாக் ஏஜென்சிக்காரர் ஒருவரைக் கூட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்தார். உள்ளே விட்ட சேர்ட் போட்டவர். இந்தத் தடவை மீராசாஹிபுக்குப் பின்வளவுக்குப் போக நேரமிருக்கவில்லை.

“பஸ்றாவில இடிஞ்சதெல்லாம் துப்புரவாக்கிற வேல. நல்ல சம்பளம்,” என்றார் வந்தவர். “உங்கட பழைய கம்பனிதான். உங்கட பேரச் சொல்லியே கேட்டிரிக்காங்க.”

“என்ட பேர ஆரு சொன்ன?”

“அங்க மேற்பார்வையாளர் ஒருத்தர். எகிப்துக்காரர். ஹஸன் எண்டு பேர். உங்களோட வேல செஞ்சவராம்.”

மீராசாஹிபின் முகத்தில் இரத்தம் வற்றியதைக் கதவுக்குப் பின்னால் நின்ற முனவ்வறா கண்டாள். ஹஸன் உயிரோடு இருக்கிறார். அது சந்தோசப்பட வேண்டிய விசயம். ஆனால் அவர் ஏன் கூப்பிடுகிறார்? கூட வேலை செய்தவன் என்ற பாசத்திலா? தன் பெயரைச் சொன்னவனை நேரில் பார்க்கவா?

“கால் ஏலா,” என்றார் மீராசாஹிபு.

“கால் சரியாத்தானே இரிக்கி, மச்சான். வயல் செய்றீங்க,” என்றார் றஸாக். “உங்களுக்கு நல்லதச் செய்யத்தானே ஆளக் கூட்டி வந்த.”

“நல்லதுக்கா கூட்டி வந்த?”

றஸாக் எழுந்தார். அவருடைய கண் கலங்கியிருந்தது போலிருந்தது. கோபமாகவும் இருக்கலாம். முனவ்வறா தேத்தண்ணித் தட்டோடு வருவதற்குள் இரண்டு பேரும் ஒழுங்கையில் இறங்கிவிட்டார்கள்.

அந்த வேலைக்கு மருதமுனை ஆள் ஒருவர் போனார். ஆறு மாதத்தில் லீவில் வந்த அவர் மீராசாஹிபைத் தேடி வந்தார். மீராசாஹிபு வயலில் இருந்தார். முனவ்வறா வாசலில் நின்று கதைத்தாள்.

“ஹஸன் நல்ல மனிசன், ராத்தா,” என்றார் வந்தவர். “ஒரு கை கொஞ்சம் தூக்க ஏலாது. மத்தப்படி சுகம். மீராசாஹிபு எப்பிடி எண்டு எந்த நாளும் கேப்பார். சலாம் சொல்லச் சொன்னார்.”

“கை எப்பிடியாம் அப்பிடி ஆன?”

“அது நான் கேக்கல்ல. அவரும் சொல்லல்ல.”

 முனவ்வறா உள்ளே போய், நஸீறா முதல் நாள் சுட்ட பணியாரத்தைக் கடதாசியில் சுற்றி எடுத்துவந்து கொடுத்தாள்.

“நீங்க திரும்பிப் போனா, மீராசாஹிபு சலாம் சொன்ன எண்டு சொல்லுங்க. மன்னிக்கச் சொன்ன எண்டும் சொல்லுங்க.”

“என்னத்துக்கு மன்னிப்பு, ராத்தா?”

“வரக்குள்ள சொல்லாம வந்திட்டாராம், அதுக்கு,” என்றாள்.

பொழுதுபட மீராசாஹிபு வந்து கால் கழுவினார். யாரும் வந்தார்களா என்று வழக்கம்போல் கேட்டார். ஒருவரும் வரவில்லை என்றாள் முனவ்வறா.